கல்லூரி வேலையிலிருந்து நீக்கினால் என்ன செய்வது? தனியார் கல்லூரிப் பணியாளர்களுக்கு ஒரு முழுமையான சட்ட வழிகாட்டி

செமஸ்டர் தேர்வு முடிகிற ஏப்ரல், மே மாதங்களில்தான் இது அதிகம் நடக்கும். அலுவலக உதவியாளர் வகுப்பு வாசலில் வந்து நின்று, "கரஸ்பாண்டென்ட் கூப்பிடுறார் சார்" என்பார். உள்ளே போனால் மேசையில் ஒரு தாள் தயாராக இருக்கும். 'சொந்தக் காரணங்களுக்காகப் பணியிலிருந்து விலகிக்கொள்கிறேன்' என்று தட்டச்சு செய்து, கீழே கையெழுத்துக்கு இடம் விட்டிருப்பார்கள். போட்டால் ஒரிஜினல் சான்றிதழும் அனுபவச் சான்றிதழும் இன்றைக்கே கிடைக்கும். போடாவிட்டால் வேறெந்தக் கல்லூரியிலும் வேலை கிடைக்காமல் செய்துவிடுவோம் என்பார்கள்.

பதினோரு ஆண்டு வேலை பார்த்த ஒரு சுயநிதிக் கல்லூரியில் அந்தத் தாளில் நானும் கையெழுத்துப் போட்டேன். என்னை வெளியே அனுப்ப முடிவு செய்துவிட்டவர்கள், என் கையெழுத்துக்கு ஏன் அவ்வளவு அவசரப்பட்டார்கள் என்று அப்போது யோசிக்கவில்லை. விடை பிறகுதான் தெரிந்தது. தமிழ்நாட்டில் ஒரு தனியார் கல்லூரி நிர்வாகம் தன் ஆசிரியரையோ அலுவலரையோ தானாகவே வேலையைவிட்டு நீக்கிவிட முடியாது. அரசின் தகுதிவாய்ந்த அதிகாரியிடம் முன் அனுமதி வாங்க வேண்டும். நீங்களே விலகினால் அந்த அனுமதி தேவையில்லை. அந்தத் தாள் இருப்பது அதற்காகத்தான்.

இந்த வழிகாட்டி தமிழ்நாட்டில் உள்ள தனியார் கல்லூரிகளில் வேலை பார்ப்பவர்களுக்கானது. வழக்கறிஞருக்கு மாற்றாக இதை எடுத்துக்கொள்ள வேண்டாம். அவரிடம் போவதற்கு முன் நீங்கள் செய்ய வேண்டியதும், அவரிடம் கேட்க வேண்டியதும் இதில் இருக்கின்றன.

முதல் 48 மணி நேரம்

கையெழுத்துப் போடாதீர்கள். "வீட்டில் பேசிவிட்டுச் சொல்கிறேன்" என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிடுங்கள். அறைக்குள் சண்டை போடவும் வேண்டாம். அங்கே உரத்துப் பேசிய ஒரு வார்த்தை நாளைக்கு 'ஒழுங்கீனம்' என்று மெமோவாக வரும்.

ஏற்கெனவே போட்டுவிட்டீர்களா? அதுவும் கைமீறிய காரியம் இல்லை. ராஜினாமா நடைமுறைக்கு வரும் முன் அதைத் திரும்பப் பெறலாம் என்பது நீதிமன்றங்கள் நெடுங்காலமாக ஏற்றுக்கொண்ட கொள்கை. ஆனால் தாமதம் உங்களுக்கு எதிராக வேலை செய்யும். அன்று இரவே மின்னஞ்சலும், மறுநாள் காலை தபாலும் போக வேண்டும். வாசகம் இவ்வளவு போதும்:

"இன்று பிற்பகல் தங்கள் அறையில் என்னிடம் ஒரு விலகல் கடிதத்தில் கையெழுத்து வாங்கப்பட்டது. அதை நான் என் விருப்பத்தின் பேரில் எழுதவில்லை. சான்றிதழ்களைத் தர மறுப்போம் என்று கூறியதால் கையெழுத்திட்டேன். அந்தக் கடிதத்தை இத்துடன் திரும்பப் பெறுகிறேன். வழக்கம்போல் நாளை காலை பணிக்கு வருவேன்."

கடைசி வரி முக்கியம். மறுநாள் உண்மையிலேயே போங்கள். வாசலில் காவலாளி நிறுத்தினாலோ, பயோமெட்ரிக்கில் விரல் பதியாமல் போனாலோ, உடனே அங்கிருந்தே முதல்வருக்கு ஒரு மின்னஞ்சல்: 'காலை 8.50 மணிக்கு வந்தேன், உள்ளே அனுமதிக்கவில்லை.' இரண்டு மூன்று நாள் இப்படிச் செய்யுங்கள். 'அவராகவே வேலைக்கு வராமல் நின்றுவிட்டார்' என்பதுதான் நிர்வாகங்கள் வழக்கமாக எடுக்கும் இரண்டாவது ஆயுதம். அதை முன்கூட்டியே மழுக்கிவிடலாம்.

கடிதங்களை ஸ்பீடு போஸ்ட்டில் பதிவு வசதியோடு அனுப்புங்கள். பழைய பதிவுத் தபால் 2025இல் ஸ்பீடு போஸ்ட்டோடு இணைந்துவிட்டது. ரசீதையும், இணையத்தில் 'டெலிவரி ஆனது' என்று காட்டும் பக்கத்தையும் பத்திரப்படுத்துங்கள்.

காகிதங்களைச் சேர்ப்பது

பல கல்லூரிகள் ஒழுங்கான பணி நியமன ஆணையே தருவதில்லை. 'ஆணை இல்லையே, நான் அங்கே வேலை பார்த்தேன் என்று எப்படி நிரூபிப்பது' என்று நிறையப் பேர் பயந்துபோகிறார்கள். பயப்பட வேண்டாம், வேறு தடயங்கள் ஏராளமாக இருக்கும். சம்பளம் வரவான வங்கிக் கணக்கு, பி.எஃப். பாஸ்புக், படிவம் 16, பல்கலைக்கழகம் உங்கள் தகுதியை ஏற்று வழங்கிய ஒப்புதல், ஏ.ஐ.சி.டி.இ. (அகில இந்தியத் தொழில்நுட்பக் கல்விக் குழு) தந்த ஆசிரியர் எண், தேர்வு மேற்பார்வைக்கும் விடைத்தாள் திருத்தவும் வந்த ஆணைகள், கால அட்டவணை, துறை வாட்ஸ்அப் குழுவில் முதல்வர் உங்களுக்கு இட்ட வேலைகள், கல்லூரி ஆண்டு மலரில் உள்ள படம் வரை எல்லாமே சான்றுதான்.

கல்லூரி மின்னஞ்சல் கணக்கை எந்த நிமிடமும் முடக்கிவிடுவார்கள். ஆகவே உங்கள் பணி தொடர்பான கடிதங்களை முதலில் நகலெடுங்கள். மாணவர்களின் மதிப்பெண், கேள்வித்தாள் போன்றவற்றைத் தொடாதீர்கள்; அது உங்கள் மீதே குற்றச்சாட்டாகத் திரும்பும். வாட்ஸ்அப் உரையாடலை ஸ்கிரீன்ஷாட் எடுத்தால் மட்டும் போதாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய அதிநியம் 63ஆம் பிரிவின்படி, மின்னணுச் சான்றோடு ஒரு சான்றிதழும் இணைக்க வேண்டும். பழைய சாட்சியச் சட்டத்தின் 65-பி சான்றிதழின் இடத்தில் வந்தது இது. அதனால் அந்த அலைபேசியை விற்கவோ ரீசெட் செய்யவோ வேண்டாம்.

இன்னொன்றும் பாருங்கள். உங்களை நீக்கிய பிறகும் கல்லூரியின் இணையதளத்திலும், பல்கலைக்கழக ஆய்வுக்குக் கொடுத்த ஆசிரியர் பட்டியலிலும் உங்கள் பெயர் இருக்கலாம். ஒரே ஆசிரியரின் பெயரைப் பல பொறியியல் கல்லூரிகள் தங்கள் கணக்கில் காட்டியதை 2024இல் ஊழல் எதிர்ப்பு அமைப்பான அறப்போர் இயக்கம் வெளிக்கொண்டு வந்தது நினைவிருக்கும். உங்கள் பெயர் அப்படித் தொடர்ந்தால் அந்தப் பக்கத்தைத் தேதியோடு சேமித்து வையுங்கள். ஒரு பக்கம் பணியில் இருப்பதாகக் காட்டி, மறுபக்கம் விலகிவிட்டார் என்று நீதிமன்றத்தில் சொல்ல முடியாது.

உங்கள் கல்லூரி எந்த வகை?

எந்தக் கதவைத் தட்டுவது என்பது இதைப் பொறுத்தது. தவறான கதவைத் தட்டிவிட்டு இரண்டு மூன்று ஆண்டு கழித்து 'இந்த மன்றத்துக்கு அதிகாரம் இல்லை' என்ற தீர்ப்போடு வீடு திரும்பியவர்கள் நிறையப் பேர்.

தமிழ்நாடு தனியார் கல்லூரிகள் (ஒழுங்குமுறை) சட்டம், 1976. இதுதான் அடிப்படை. ஒரு கல்வி முகமை (கல்லூரியை நடத்தும் அறக்கட்டளை, சங்கம் போன்ற அமைப்பு) நடத்தி, ஒரு பல்கலைக்கழகத்தின் ஒப்புதலோ இணைப்போ பெற்ற கல்லூரியைத் 'தனியார் கல்லூரி' என்று இது வரையறுக்கிறது. அரசு உதவி வாங்குகிறதா இல்லையா என்பது வரையறையில் வரவில்லை. 'நாங்கள் சுயநிதி, எங்களுக்கு அந்தச் சட்டம் பொருந்தாது' என்று நிர்வாகம் சொன்னால் உடனே நம்பிவிடாதீர்கள்.

நிகர்நிலைப் பல்கலைக்கழகம் என்றால் நிலைமை வேறு. அது வேறொரு பல்கலைக்கழகத்தோடு இணைந்த கல்லூரி இல்லை, தானே பல்கலைக்கழகம். 1976 சட்டம் அங்கே துணைக்கு வராது. அங்கே உயர் நீதிமன்ற ரிட் மனுதான் (சட்டக் கடமையைச் செய்யும்படி ஆணையிடக் கேட்கும் மனு) முக்கியமான வழி. அதைப் பற்றிக் கீழே சொல்கிறேன்.

சிறுபான்மையினர் நடத்தும் கல்லூரியா என்பது மூன்றாவது கேள்வி. அகமதாபாத் செயின்ட் சேவியர்ஸ் கல்லூரி வழக்கில் (1974, 1 எஸ்.சி.சி. 717; எஸ்.சி.சி. என்பது உச்ச நீதிமன்றத் தீர்ப்புகளின் தொகுப்பு) உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு, ஆசிரியரை நீக்கத் துணைவேந்தரின் ஒப்புதல் வேண்டும் என்ற குஜராத் சட்டப்பிரிவு சிறுபான்மை நிறுவனங்களைக் கட்டுப்படுத்தாது என்றது. வழிகாட்டும் வரையறை எதுவுமில்லாத அதிகாரத்தை வெளியாள் ஒருவரிடம் கொடுத்தது அங்கே சிக்கலாயிற்று. ஆகவே சிறுபான்மைக் கல்லூரியில் முன் அனுமதி இல்லை என்ற வாதத்தை மட்டும் நம்பிப் போகாதீர்கள். விசாரணை நியாயமாக நடக்கவில்லை என்பதை முன்னால் வையுங்கள். நியாயமான விசாரணை நடத்தும் கடமையிலிருந்து எந்த நிர்வாகத்துக்கும் விலக்கு கிடையாது.

1976 சட்டத்தின் 19ஆம் பிரிவு என்ன சொல்கிறது

ஆசிரியரையோ கல்லூரியின் மற்றப் பணியாளரையோ தகுதிவாய்ந்த அதிகாரியின் முன் அனுமதி இல்லாமல் பணியிலிருந்து அகற்றவோ, பதவி இறக்கம் செய்யவோ, 'வேறு வகையில் பணியை முடித்துவைக்கவோ' கூடாது. கடைசித் தொடரில்தான் இதன் பலம் இருக்கிறது. தண்டனையாக நீக்குவது மட்டும் என்றில்லை. 'மாணவர் சேர்க்கை குறைந்துவிட்டது', 'துறையை மூடுகிறோம்', 'உங்கள் சேவை இனி தேவையில்லை' என்று அனுப்புவதும் பணியை முடித்துவைப்பதுதான்.

கலை அறிவியல் கல்லூரிகளைப் பொறுத்தவரை, நாம் ஜே.டி. ஆபீஸ் என்று சொல்கிற மண்டலக் கல்லூரிக் கல்வி இணை இயக்குநர் அலுவலகத்துக்கு இது போகும். பொறியியல் கல்லூரி என்றால் தொழில்நுட்பக் கல்வி இயக்குநரகத்தின் பக்கம் பார்க்க வேண்டும். அனுமதி கேட்டு வரும் கோப்பில் போதுமான, நியாயமான காரணம் இருக்கிறது என்று அதிகாரி திருப்தியடைந்தால்தான் ஒப்புதல் தரலாம்.

சஸ்பென்ஷனுக்கும் இதே பிரிவு கடிவாளம் போடுகிறது. கடுமையான ஒழுங்கீனம் பற்றி விசாரணை நடத்த உத்தேசம் இருந்தால்தான் இடைநீக்கம் செய்யலாம். அது இரண்டு மாதத்துக்கு மேல் நீடிக்கக் கூடாது. அதற்குள் விசாரணை முடியாவிட்டால் நீங்கள் பணிக்குத் திரும்பியதாகவே கருதப்படுவீர்கள். தாமதத்துக்கு நீங்களே காரணம் என்றால் மட்டும், அதிகாரி இன்னொரு இரண்டு மாதம் நீட்டிக்கலாம். ஓராண்டாகச் சம்பளம் இல்லாமல் சஸ்பென்ஷனில் வைத்திருக்கிறார்கள் என்று யாராவது சொன்னால், இந்தப் பிரிவை அவர்கள் கண்ணில் காட்டுங்கள்.

சரி, உங்களுக்கு வந்த ஆணைக்கு முன் அனுமதி வாங்கினார்களா இல்லையா என்று எப்படித் தெரியும்? நிர்வாகத்திடம் கேட்டால் சொல்ல மாட்டார்கள். ஜே.டி. ஆபீஸ் அரசு அலுவலகம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் 10 ரூபாய் கட்டணத்தோடு அங்கே ஒரு மனு போடுங்கள். இரண்டே கேள்விகள் போதும்: என்னைப் பணிநீக்கம் செய்ய 19ஆம் பிரிவின் கீழ் இந்தக் கல்லூரி அனுமதி கோரியதா? ஒப்புதல் வழங்கியிருந்தால் அந்த ஆணையின் நகலைத் தருக. 30 நாளுக்குள் பதில் வர வேண்டும். 'அப்படி எந்த விண்ணப்பமும் வரவில்லை' என்று அரசு முத்திரையோடு வரும் ஒரு வரிப் பதிலைவிட வலுவான ஆவணம் உங்கள் வழக்கில் வேறு இருக்காது.

மெமோ வந்தால், விசாரணை நடந்தால்

சில நிர்வாகங்கள் முறையாகச் செய்வதாகக் காட்டிக்கொள்ளும். முதலில் விளக்கம் கேட்டு மெமோ, பிறகு குற்றச்சாட்டுக் குறிப்பாணை, பிறகு விசாரணை. இந்தக் கட்டத்தில்தான் நம்மவர்கள் அதிகம் தவறு செய்கிறார்கள். கோபத்தில் பதிலே போடாமல் விடுவார்கள், இல்லையென்றால் பத்துப் பக்கத்துக்கு ஆதங்கத்தைக் கொட்டுவார்கள். இரண்டும் வேண்டாம்.

குற்றச்சாட்டில் தேதி, இடம், என்ன செய்தீர்கள் என்பது தெளிவாக இருக்கிறதா பாருங்கள். 'தொடர்ந்து ஒத்துழைக்கவில்லை' என்பது குற்றச்சாட்டு ஆகாது. எந்த நாள், எந்த வேலை என்று கேட்டு எழுதுங்கள். அவர்கள் நம்பியிருக்கும் ஆவணங்களின் நகலையும் சாட்சிகளின் பெயரையும் எழுத்தில் கேளுங்கள். பதில் எழுத அவகாசம் போதாது என்றால் அதையும் எழுத்தில் கேளுங்கள். தரமாட்டார்கள் என்று தெரிந்தாலும் கேளுங்கள். மறுத்தார்கள் என்பது பதிவில் ஏற வேண்டும்.

விசாரணையைப் புறக்கணிக்காதீர்கள். 'எப்படியும் எனக்கு எதிராகத்தான் எழுதப் போகிறார்' என்று வராமல் இருந்தால், ஒருதலைப்பட்சமாக முடித்துவிட்டு 'வாய்ப்புக் கொடுத்தோம், வரவில்லை' என்பார்கள். போங்கள். புகார் கொடுத்தவரே விசாரணை அதிகாரியாக உட்கார்ந்திருந்தால் முதல் நாளே ஆட்சேபம் தெரிவியுங்கள். சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய வாய்ப்புக் கேளுங்கள். உங்களுக்கு எதிராக மாணவர்கள் புகார் கொடுத்ததாக ஒரு கடிதம் மட்டும் இருந்தால், எழுதியவர் வந்து சொல்லட்டும் என்று கேளுங்கள். அன்றன்று எழுதப்படும் நடவடிக்கைக் குறிப்பைப் படிக்காமல் கையெழுத்திட வேண்டாம். நீங்கள் சொன்னதை விட்டுவிட்டு எழுதியிருந்தால், கையெழுத்துக்கு மேல் 'ஆட்சேபத்துடன்' என்று குறித்து, விடுபட்டதை அன்றே மின்னஞ்சலில் அனுப்புங்கள்.

விசாரணை முடிந்தால் அறிக்கையின் நகலை உங்களுக்குத் தந்து, உங்கள் கருத்தைக் கேட்ட பிறகே தண்டனை பற்றி முடிவெடுக்க வேண்டும். 1993இல் எலக்ட்ரானிக்ஸ் கார்ப்பரேஷன் வழக்கில் (4 எஸ்.சி.சி. 727) உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு இதைத் தெளிவாகச் சொன்னது. அரசு ஊழியர்களுக்கு மட்டுமின்றித் தனியார் நிறுவனங்களுக்கும் இது பொருந்தும். ஆனால் ஒன்று. நகல் தராததால் உங்களுக்கு என்ன பாதிப்பு என்பதையும் நீங்கள் காட்ட வேண்டியிருக்கும். அறிக்கை கிடைத்திருந்தால் இன்ன இன்ன தவறுகளைச் சுட்டிக்காட்டியிருப்பேன் என்று மேல்முறையீட்டில் எழுதுங்கள்.

இடைநீக்கக் காலத்தில் பிழைப்பூதியம் (வயிற்றுப்பாட்டுக்காகத் தர வேண்டிய தொகை) தராமல் விசாரணை நடத்தினால் அந்த விசாரணையே செல்லாமல் போகலாம். பாரத் கோல்டு மைன்ஸ் வழக்கில் (1999, 3 எஸ்.சி.சி. 679) அப்படித்தான் ஆயிற்று. கையில் காசில்லாததால் விசாரணை நடக்கும் இடத்துக்கே போக முடியாத ஊழியரின் வழக்கு அது. ஆகவே பிழைப்பூதியம் கேட்டு மாதம் ஒரு கடிதம் கட்டாயம்.

மேல்முறையீடு

1976 சட்டத்தின் 20ஆம் பிரிவு நீக்கத்துக்கு எதிராக மேல்முறையீடு செய்யும் உரிமையைத் தருகிறது. உயர் நீதிமன்றத்துக்கு நேரே ஓடிவிடலாம் என்றுதான் எல்லோருக்கும் தோன்றும். ஆனால் சட்டமே ஒரு வழியைக் கொடுத்திருக்கும்போது, அதை முதலில் பயன்படுத்திவிட்டு வா என்று நீதிமன்றம் திருப்பி அனுப்ப வாய்ப்பு அதிகம். அனுமதியே வாங்கவில்லை என்பது போன்ற வெளிப்படையான சட்ட மீறல் இருந்தால் மட்டும் நேரடியாக ரிட் போடுவது பற்றி வழக்கறிஞரோடு யோசிக்கலாம்.

ஆணை கைக்கு வந்த நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் மேல்முறையீடு போய்ச் சேர்ந்துவிட வேண்டும் என்று உங்களுக்கு நீங்களே கெடு வைத்துக்கொள்ளுங்கள். தகவல் உரிமை மனுவின் பதிலுக்காகக் காத்திருந்து நாளைக் கடத்தாதீர்கள்; பதில் வந்ததும் கூடுதல் ஆவணமாகச் சேர்த்துக்கொள்ளலாம். மனுவில் முதலில் முன் அனுமதி இல்லாதது, இரண்டாவது விசாரணைக் குறைகள், கடைசியாகத்தான் 'நான் குற்றம் செய்யவில்லை' என்பது. உங்களுக்கு மூன்றாவதுதான் நெஞ்சை அறுக்கும் விஷயம் என்று எனக்குத் தெரியும். ஆனால் முதலாவதில்தான் வழக்கு ஜெயிக்கிறது.

ரிட் மனு எப்போது நிற்கும்

தனியார் கல்லூரி மேல் ரிட் போட முடியாது என்று யாராவது ஒரே போடாகச் சொன்னால் அது பாதி உண்மை. அகமதாபாதில் ஓர் அறிவியல் கல்லூரியை மூடியபோது ஆசிரியர்களின் நிலுவைக்காக உச்ச நீதிமன்றம் அறக்கட்டளைக்கு எதிராகவே ஆணை பிறப்பித்தது (1989, 2 எஸ்.சி.சி. 691). நம் ஊரில், எஸ்.ஆர்.எம். நிகர்நிலைப் பல்கலைக்கழகத்தில் 2012இல் நீக்கப்பட்ட ஒரு விரிவுரையாளரின் வழக்கு. சென்னை உயர் நீதிமன்றத்தில் தனி நீதிபதி அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். ரிட்டே செல்லாது என்று இரு நீதிபதிகள் அமர்வு அதை ரத்து செய்தது. 2015 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், கல்வி தருவது பொதுக் கடமை, ரிட் செல்லும் என்று சொல்லி வழக்கைத் திருப்பி அனுப்பியது (2015, 16 எஸ்.சி.சி. 530).

பிறகு 2022இல் செயின்ட் மேரீஸ் எஜுகேஷன் சொசைட்டி வழக்கில் கடிவாளம் இறுகிவிட்டது. அரசு உதவி பெறாத தனியார் நிறுவனத்துக்கும் ஊழியருக்கும் இடையே உள்ள வெறும் பணி ஒப்பந்தத் தகராறுக்கு ரிட் கிடையாது. அந்தப் பணி நிபந்தனைகளைச் சட்டம் ஆள்கிறது என்றால் நிலைமை வேறு என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. இதிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்றுதான்: மனுவை ஒப்பந்த மீறல் என்று எழுதாமல், 19ஆம் பிரிவை மீறியது என்று எழுத வேண்டும். இணை இயக்குநரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். சட்டத்தைச் செயல்படுத்தும் கடமை அவருக்கு இருக்கிறது.

தென் மாவட்டக்காரர்கள் சென்னைக்கு அலைய வேண்டியதில்லை. 2004 ஜூலையிலிருந்து மதுரைக் கிளை இருக்கிறது. ரிட்டுக்குக் காலவரம்பு எழுதிவைக்கப்படவில்லை என்பதால் சாவகாசமாகப் போகலாம் என்று எண்ண வேண்டாம். தாமதத்துக்கு முதல் விசாரணையிலேயே காரணம் கேட்பார்கள்.

சிவில் கோர்ட்டா, மாவட்ட நீதிபதியா

பணிநீக்கம் செல்லாது என்று சிவில் வழக்குப் போடலாமா என்று கேட்பவர்களுக்கு: போடலாம், ஆனால் திரும்ப வேலையில் சேர்க்கும் உத்தரவு அங்கே கிடைப்பது கடினம். ஒருவரைத் தன் கீழ் வேலை செய்ய வைத்துக்கொள் என்று முதலாளியைச் சிவில் நீதிமன்றம் பொதுவாகக் கட்டாயப்படுத்தாது. உத்தரப்பிரதேச வைஷ் டிகிரி கல்லூரி வழக்கிலிருந்து (1976, 2 எஸ்.சி.சி. 58) வரும் நெறி இது. சம்பள நிலுவைக்கும் இழப்பீட்டுக்கும் சிவில் வழக்கு உதவும். காலவரம்பு மூன்று ஆண்டு.

டி.எம்.ஏ. பை அறக்கட்டளை வழக்கின் (2002, 8 எஸ்.சி.சி. 481) பதினொரு நீதிபதிகள் தீர்ப்பைப் பற்றியும் தெரிந்திருக்க வேண்டும். அரசு உதவி பெறாத நிறுவனங்கள் ஒழுங்கு நடவடிக்கைக்கு அரசின் முன் அனுமதி பெறத் தேவையில்லை என்று அதில் ஒரு கருத்து உண்டு. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அதை நிச்சயம் எடுத்து வீசுவார். அதே தீர்ப்பு, ஆசிரியர்களுக்குக் கல்வித் தீர்ப்பாயம் வேண்டும், அது அமையும்வரை மாவட்ட நீதிபதியிடம் மேல்முறையீடு செய்யலாம் என்றும் சொன்னது. அதைப் படித்துக் காட்ட மாட்டார். உங்கள் வழக்கறிஞர் காட்ட வேண்டும். மேலும், ராஜஸ்தான் சட்டத்தில் உள்ள முன் அனுமதிப் பிரிவு உதவி பெறாத நிறுவனங்களுக்கும் செல்லும் என்று 2023 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. டெல்லிப் பள்ளிச் சட்டம் பற்றிய 2016 தீர்ப்பும் இதே திசைதான். இந்த இரண்டையும் கோப்பில் தயாராக வையுங்கள்.

ஆசிரியர் அல்லாதவர்கள்

அலுவலக எழுத்தர், ஆய்வக உதவியாளர், பேருந்து ஓட்டுநர், விடுதிச் சமையல்காரர் இவர்களுக்கு 19ஆம் பிரிவோடு இன்னொரு கதவும் உண்டு: தொழிலாளர் துறை. ஆசிரியர் 'தொழிலாளி' என்ற வரையறைக்குள் வரமாட்டார் என்று கோவா ஆசிரியை ஒருவரின் வழக்கில் (1988, 4 எஸ்.சி.சி. 42) உச்ச நீதிமன்றம் முடிவு செய்துவிட்டதால், இந்தக் கதவு ஆசிரியர்களுக்குத் திறக்காது. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி ஊழியர் சங்கத்தின் வழக்கில் (1987, 4 எஸ்.சி.சி. 691), சிறுபான்மை நிறுவனமானாலும் தொழில் தகராறுச் சட்டம் பொருந்தும் என்று தீர்ப்பு வந்தது. ஊழியர்கள் போராடி வாங்கிக் கொடுத்த தீர்ப்பு அது.

ஆனால் 2025 நவம்பர் 21 முதல் அந்தப் பழைய சட்டத்தின் இடத்தில் தொழிலுறவுத் தொகுப்புச் சட்டம் வந்துவிட்டது. அறப்பணி, சமூகப்பணி செய்யும் அமைப்புகளின் நிறுவனங்கள் 'தொழில்' ஆகாது என்று அதில் ஒரு விலக்கு இருக்கிறது. அறக்கட்டளையின் பெயரில் நடக்கும் கல்லூரிகள் அதைப் பிடித்துக்கொள்ளும். தகராறை எழுப்பும் காலமும் முன்பிருந்த மூன்று ஆண்டிலிருந்து இரண்டாகக் குறைந்திருக்கிறது. ஆகவே பழைய கணக்கில் காத்திருக்காமல் தொழிலாளர் அலுவலகத்தில் சமரச அதிகாரியிடம் உடனே மனுக் கொடுங்கள். 45 நாளில் சமரசம் ஆகாவிட்டால் தீர்ப்பாயத்துக்கு நேரடியாகப் போகலாம்.

தகுதிகாண் பருவம், ஒப்பந்தம், மகப்பேறு

தகுதிகாண் பருவத்தில் 'பணி திருப்தியாக இல்லை' என்று எளிமையாக அனுப்பினால் எதிர்ப்பது சற்றுக் கடினம். ஆணையில் உங்கள் நடத்தையைக் குறைசொல்லியிருந்தாலோ, ஒரு புகாரை விசாரிக்காமலே அதன்பேரில் அனுப்பியிருந்தாலோ, அது தண்டனை. விசாரணை இல்லாமல் தண்டனை செல்லாது.

ஜூனில் எடுத்து ஏப்ரலில் நிறுத்தி மீண்டும் ஜூனில் எடுக்கும் ஒப்பந்தக்காரர்களின் நிலைதான் எனக்கு மிகுந்த வருத்தம் தருவது. ஒப்பந்தக் காலம் முடிந்தது என்ற பதில் நிர்வாகத்தின் கையில் இருக்கும். ஆனால் ஐந்தாறு ஆண்டாக அதே பாடம், அதே பணியிடம், அதற்குப் பல்கலைக்கழக ஒப்புதலும் இருக்கிறது என்றால், அந்த இடைவெளிகள் செயற்கையானவை என்று வாதிட இடமிருக்கிறது. ஒவ்வோர் ஆண்டின் ஆணையையும் வரிசையாகச் சேர்த்து வையுங்கள்.

கர்ப்ப காலத்திலோ மகப்பேறு விடுப்பிலோ இருக்கும்போது நீக்கினால் அது தனியாகவே சட்டவிரோதம். 26 வார விடுப்பு கேட்டதற்காக 'நீங்கள் ரிசைன் பண்ணிடுங்கம்மா, அப்புறம் பார்த்துக்கலாம்' என்று சொன்ன கதைகளை நான் கேட்டிருக்கிறேன். அந்த உரையாடல் எழுத்தில் இருக்கும்படி பார்த்துக்கொள்ளுங்கள்.

சான்றிதழும் பணமும்

ஒரிஜினல் சான்றிதழ்களை வைத்துக்கொண்டு தர மறுப்பது சட்டத்தில் எங்கும் இல்லாத அதிகாரம். சான்றிதழ் அடகுப் பொருள் ஆகாது. எழுத்தில் கேளுங்கள். தராவிட்டால் பல்கலைக்கழகப் பதிவாளருக்குப் புகார், அதன் நகல் கல்லூரிக்கு. அநேகமாக இந்தக் கட்டத்திலேயே தந்துவிடுவார்கள். இல்லாவிட்டால் சான்றிதழுக்கு மட்டும் தனி ரிட் போடலாம்.

பணிக்கொடை ஆசிரியர்களுக்கும் உண்டு. பணிக்கொடைச் சட்டத்தின் 2009 திருத்தம் 1997 ஏப்ரல் 3 முதல் பின்தேதியிட்டு அதைத் தந்தது, 2022 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. கணக்கு எளிது. கடைசி அடிப்படைச் சம்பளமும் அகவிலைப்படியும் சேர்ந்து 30,000 ரூபாய், பணி ஒன்பது ஆண்டு என்றால், 30,000 × 15 × 9 ÷ 26 = 1,55,769 ரூபாய். பொதுவாக ஐந்து ஆண்டு முடித்திருக்க வேண்டும். 2025 நவம்பர் முதல் நடைமுறையில் உள்ள சமூகப் பாதுகாப்புத் தொகுப்புச் சட்டத்தில் 'ஊதியம்' என்பதன் வரையறை மாறியிருக்கிறது. மொத்தத்தில் பாதிக்கு மேல் படிகளாகப் பிரித்துக் காட்டினால், மிகுதி ஊதியத்தோடு சேரும். அடிப்படைச் சம்பளத்தை 8,000 என்று காட்டி மீதியைப் படிகளாகக் கொடுத்துவந்த கல்லூரிகளில் இது பெரிய வித்தியாசம். பணிநீக்க வழக்கு நடக்கிறது என்பதற்காகப் பணிக்கொடையைக் கேட்காமல் விட வேண்டாம். 'என் வழக்கின் உரிமைகளுக்குப் பாதகமின்றி' என்று எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

மீண்டும் பணி கிடைத்தால் இடைக்காலச் சம்பளம் கிடைக்குமா? மகாராஷ்டிரத்தின் கிராந்தி ஜூனியர் அத்யாபக் மகாவித்யாலயா ஆசிரியை ஒருவரின் வழக்கில் (2013, 10 எஸ்.சி.சி. 324), தவறாக நீக்கப்பட்டவருக்கு முழுச் சம்பளத்தோடு மீள்பணி தருவதுதான் இயல்பான விதி என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் இடைப்பட்ட காலத்தில் தனக்கு வேறு வருமானம் இல்லை, அல்லது குறைந்த சம்பளத்தில்தான் இருந்தேன் என்று ஊழியர் முதலில் சொல்ல வேண்டும். சொன்னால், இல்லை என்று நிரூபிக்கும் பொறுப்பு நிர்வாகத்தின் தலையில் விழும். முதல் மனுவிலேயே அந்த ஒரு வரியைச் சேர்க்கச் சொல்லுங்கள். மறந்துபோகும் வரி இது.

வழக்கறிஞர் கட்டணம் கட்ட முடியாதவர்கள் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம். அலுவலகம் பெரும்பாலும் மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கும். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமான வரம்பே இல்லாமல் இலவச உதவி உண்டு.

வழக்கு நடக்கும்போது வேறு வேலைக்குப் போகலாமா என்பதுதான் எல்லோரும் தயங்கித் தயங்கிக் கேட்கும் கேள்வி. தாராளமாகப் போங்கள். குடும்பம் சாப்பிட வேண்டும். அதனால் வழக்கு விழாது. எந்தத் தேதியில் எவ்வளவு சம்பளத்துக்குச் சேர்ந்தீர்கள் என்பதை மறைக்காமல் பிரமாணப் பத்திரத்தில் சொல்லிவிட்டால் போதும். புதிய கல்லூரியில் சேரும்போது ஒரிஜினல் சான்றிதழைக் கேட்டால் சரிபார்த்துவிட்டு அன்றே திருப்பித் தரச் சொல்லுங்கள்.